பலிபீடத்திலிருந்து பந்திக்கு: பண்டைய யூதச் சட்டத்தில் திராட்சரசம்

யாத்திராகமத்தின் 12-ஆம் அதிகாரம் பஸ்கா இரவுக்கான விதிகளை நுணுக்கமாகச் சொல்கிறது. ஆட்டுக்குட்டிக்கு என்ன வயது, அதை எப்படிச் சுடுவது, எதனோடு உண்பது, விடியும்வரை எஞ்சியதை என்ன செய்வது என்று எதையும் விட்டுவைக்கவில்லை. குடிப்பதைப் பற்றி மட்டும் ஒரு சொல்லும் இல்லை. கி.பி. 200 வாக்கில் தொகுக்கப்பட்ட ரபிகளின் சட்டத்தொகுப்பான மிஷ்னாவிலோ, அதே இரவில் ஒவ்வொருவரும் நான்கு கிண்ணம் திராட்சரசம் அருந்தியாக வேண்டும். தர்மச் சோற்றில் வயிறு கழுவும் ஏழைக்கும் நான்கில் ஒன்று குறையக்கூடாது. இவ்விரு நூல்களுக்கும் நடுவே, கி.மு. 2-ஆம் நூற்றாண்டில் எழுந்த யூபிலி நூல், எகிப்திலேயே இஸ்ரவேலர் பஸ்கா இறைச்சியோடு திராட்சரசமும் குடித்ததாகச் சித்திரிக்கிறது. தன் காலத்து வழக்கத்தை அந்நூல் மோசேயின் காலத்துக்கு ஏற்றிச் சொல்கிறது என்பதில் ஐயமில்லை. ஆக, வழக்கம் முன்னே வந்தது. சட்டம் பின்னே வந்தது. அந்தச் சட்டம் எங்கிருந்து வந்தது என்பதே இக்கட்டுரையின் கேள்வி.

மோசேயின் ஐந்நூல்களான தோராவில் திராட்சரசத்துக்கு உரிய சட்ட இடம் பலிபீடம்தான். எண்ணாகமம் 15 ‘ஹின்’ என்ற முகத்தலளவையில் அளவுகளை வகுக்கிறது: ஆட்டுக்குட்டிக்குக் கால் ஹின், ஆட்டுக்கடாவுக்கு மூன்றில் ஒரு ஹின், காளைக்கு அரை ஹின். காலையும் மாலையும் செலுத்தும் அன்றாடப் பலியோடும் கால் ஹின் வார்க்கப்பட்டது. இதுவே பானபலி. இவ்வளவு வார்க்கச் சொன்ன சட்டம், வார்ப்பவன் குடிக்கக்கூடாது என்றும் சொல்கிறது. ஆரோனின் மக்கள் இருவர் அந்நிய அக்கினியோடு கூடாரத்தில் மாண்ட நிகழ்ச்சியை அடுத்து, பணிக்குள் நுழையும் ஆசாரியனுக்கு லேவியராகமம் 10 திராட்சரசத்தையும் மதுவையும் விலக்குகிறது. விரதம் பூண்ட நசரேயனுக்குக் கட்டுப்பாடு இன்னும் கடுமை: காடி, பச்சைத் திராட்சை, வற்றல், விதை, தோல் எதுவும் ஆகாது.

சாதாரணக் குடியானவனுக்கு? தசமபாகத்தைப் பணமாக்கிக்கொண்டு திருத்தலத்துக்குப் போகிறவன் அங்கே திராட்சரசமோ மதுவோ வாங்கி மகிழலாம் என்று உபாகமம் 14 இசைகிறது. இது அனுமதி, கட்டளை அல்ல. தோட்டத்தைப் பற்றிய விதிகள்தாம் ஏராளம். நட்ட முதல் மூன்று ஆண்டுக் கனியைத் தொடக்கூடாது. நான்காம் ஆண்டுக் கனி இறைவனுக்கு. கொடிகளுக்கிடையே வேறு விதை விதைக்கக்கூடாது. அறுவடையில் தவறிய குலை ஏழைக்கும் பரதேசிக்கும் விதவைக்கும் உரியது. வேதம் குடிக்கச் சொல்கிறதா, கூடாதென்கிறதா என்று இரு தரப்பிலும் எழுதிக் குவித்திருக்கிறார்கள். தோரா அக்கறை காட்டாத கேள்விக்கு அதனிடமே பதில் தேடும் வேலை அது.

அக்கறை காட்டாததற்குக் காரணம் மண்ணுக்கடியில் கிடைத்திருக்கிறது. சமாரியாவில் 1910-இல் வெளிப்பட்ட, கி.மு. 8-ஆம் நூற்றாண்டைச் சேர்ந்த எழுத்துப் பொறித்த ஓடுகள், ஊர் ஊராக வந்து சேர்ந்த பழைய திராட்சரசத்துக்கும் எண்ணெய்க்கும் கணக்குச் சொல்கின்றன. கிபியோனில் ஜேம்ஸ் பிரிட்சார்டின் அகழாய்வு பாறையில் குடைந்த 63 நிலவறைகளையும், ஊர்ப்பெயர் பொறித்த சாடிக் கைப்பிடிகளையும் காட்டியது. ஆராத் கோட்டையின் ஓட்டுக் கடிதங்கள், கி.மு. 600-ஐ ஒட்டி, கூலிப்படையினருக்கு மாவோடு திராட்சரசமும் அளந்து கொடுக்கும்படி எலியாசீப் என்ற அதிகாரிக்கு உத்தரவிடுகின்றன. வரியாகவும் படியாகவும் ஓடிய பொருளைச் சட்டம் தனியே அனுமதிக்க வேண்டியதில்லை. எரேமியா 35-இல் வரும் ரேகாபியர் அதை மறுத்தது வியப்பாகத் தோன்றியதும் இதனால்தான். அவர்கள் வீடும் வயலும் கூட வேண்டாமென்று கூடாரத்தில் வாழ்ந்தவர்கள். நிலைகுடி வாழ்வையே ஒதுக்கியவர்கள்.

சிக்கல் அண்டை வீட்டிலிருந்து வந்தது. தெய்வத்துக்கு முன் வார்ப்பது இஸ்ரவேலுக்கு மட்டும் உரிய சடங்கன்று. கானானியரும் கிரேக்கரும் உரோமரும் வார்த்தார்கள். பிற தெய்வங்கள் தமக்கு வார்க்கப்பட்டதைக் குடித்தன என்று உபாகமம் 32 ஏளனம் செய்கிறது. கிரேக்க விருந்தில் கிண்ணம் தெய்வத்தின் பெயரால் தொடங்கியது. ஒரே மேசையில் அமர்ந்த யூதன் அந்த வழிபாட்டில் பங்காளியானான். அரசனின் திராட்சரசத்தை மறுத்த தானியேலும், பானபலியின் ரசத்தைத் தான் பருகியதில்லை என்று கிரேக்க எஸ்தர் நூலின் கூடுதல் பகுதியில் மன்றாடும் அரசியும் இந்தச் சூழலின் மனிதர்கள்.

மிஷ்னாவின் அவோதா சாரா பகுதி இந்த அச்சத்தை முழுச் சட்டமாக விரிக்கிறது. யூதனும் பிற இனத்தானும் ஒரே விருந்தில் இருக்கிறார்கள். யூதன் எழுந்து வெளியே போகிறான். மேசை மேலிருந்த குடுவை விலக்கப்பட்டது, பக்க மேசையில் இருந்தது ஆகும். ‘கலந்து குடி’ என்று சொல்லிவிட்டுப் போனானானால் அதுவும் ஆகாது. சாடியைப் பிற இனத்தான் ஒருவன் பொறுப்பில் விட்டுத் தொலைவு போவதாகச் சொன்னால், அவன் துளையிட்டு, அடைத்து, அடைப்பு உலரும் அளவு நேரம் கழிந்ததா என்று கணக்கிட வேண்டும். சட்ட அறிஞர்கள் சந்தைக்கும் விருந்துக்கும் போய்வந்தவர்கள் என்பது வரிக்கு வரி தெரிகிறது.

இந்தத் தடைக்கு, மிஷ்னாவின் விரிவுரையான தால்மூட் வேறொரு காரணமும் தருகிறது. ஷம்மாய் என்ற அறிஞரின் பள்ளியார், எதிர்த்தரப்பான ஹில்லேல் பள்ளியாரை எண்ணிக்கையில் மிஞ்சி, எசேக்கியாவின் மகன் அனனியாவின் மேல்மாடியில் இயற்றிய பதினெட்டு ஆணைகளை விளக்கும்போது, பிற இனத்தாரின் அப்பமும் எண்ணெயும் அவர்களுடைய திராட்சரசத்தின் பொருட்டும், திராட்சரசம் அவர்களுடைய பெண்களின் பொருட்டும் விலக்கப்பட்டன என்று சங்கிலியாகக் கோக்கிறது. கலந்து குடித்தால் கலப்பு மணம் வரும் என்பதே இதன் சாரம். பலரும் இதையே மூல காரணமாக எடுத்துக்கொள்கிறார்கள். எனக்கு அது பொருந்தவில்லை. மிஷ்னா பிற இனத்தாரின் அப்பத்தை உண்ணத்தான் தடுக்கிறது, அதை விற்றுப் பயனடையத் தடுக்கவில்லை. திராட்சரசத்திலோ பயனடைவதும் கூடாது. அதைக் கையாளும் வேலைக்குப் பெற்ற கூலியும் ஆகாது. மணஉறவுதான் கவலை என்றால் குடிக்காமல் விற்பதில் என்ன ஆபத்து? பயன் முழுவதையும் பறிப்பது சிலைக்குப் படைத்த பொருளுக்குரிய சட்டம். பலிபீடக் காரணம் அடிப்படை, சமூகக் காரணம் அதன்மேல் ஏறியது என்றே கொள்ள வேண்டும்.

கி.பி. 70-இல் எருசலேம் ஆலயம் அழிந்தபின் கேள்வி தலைகீழானது: வார்க்கப் பீடம் இல்லாதபோது குடிக்கலாமா? பலியும் பானபலியும் நின்றுபோயின என்று சிலர் இறைச்சியையும் திராட்சரசத்தையும் துறந்தார்கள். ரபி யோசுவா அவர்களிடம் வாதாடிய கதை தால்மூடின் பாபா பத்ரா பகுதியில் இருக்கிறது. அப்பமும் பீடத்தில் படைக்கப்பட்டதுதானே, அதை விடுவீர்களா என்றார்; கனிகளை உண்போம் என்றார்கள். முதற்கனியும் படைக்கப்பட்டதாயிற்றே என்றார். வேறு கனிகள் உண்டே என்றார்கள். கூடாரப் பண்டிகையில் தண்ணீரும் வார்க்கப்பட்டதே என்றபோது அவர்களிடம் பதில் இல்லை. அறவே துக்கம் கொண்டாடாமல் இருக்க முடியாது, அளவு கடக்கவும் கூடாது என்பது அவர் முடிவு. ஆலய அழிவை நினைந்து நோன்பிருக்கும் ஆப் மாதம் ஒன்பதாம் நாளுக்கு முந்திய இறுதி உணவில் இறைச்சியும் திராட்சரசமும் இல்லை என்ற மிஷ்னா விதி அந்த அளவுக்கு ஒரு சான்று.

இதற்கிடையே கிண்ணம் வீட்டுப் பந்தியில் நிலைபெற்றுக்கொண்டிருந்தது. ஓய்வுநாளை வரவேற்கையில் முதலில் நாளை வாழ்த்துவதா, திராட்சரசத்தை வாழ்த்துவதா என்று ஷம்மாய், ஹில்லேல் பள்ளிகள் மோதின. கிண்ணம் வேண்டுமா என்ற கேள்வியே அங்கு எழவில்லை. மற்றக் கனிகளுக்குப் பொதுவான ஆசீர்மொழி ஒன்று இருக்க, திராட்சரசத்துக்கு மட்டும் தனி ஆசீர்மொழி. தால்மூடின் பெராகோத் பகுதி விவாதத்தில் இவ்விடத்தில் ஒரு செய்தி வருகிறது: ஆலயத்தில் லேவியரின் பாட்டு திராட்சரசம் வார்க்கப்படும்போது மட்டுமே ஒலித்தது. பந்தியின் சிறப்பைப் பேச வந்தவர்கள் பீடத்தையே நினைக்கிறார்கள்.

புனிதமும் விலக்கும் ஒரே வேரில் கிளைத்தவை என்பதற்குக் காய்ச்சிய திராட்சரசமே நல்ல சான்று. பாபிலோனிய அறிஞர் சாமுவேலும் யூதரல்லாத அறிஞர் அப்லேத்தும் ஒன்றாக அமர்ந்திருந்தபோது காய்ச்சிய ரசம் வந்தது. தான் தொட்டால் நண்பருக்கு ஆகாதே என்று அப்லேத் கையை இழுத்துக்கொண்டார். காய்ச்சியதற்கு அந்தத் தடை இல்லை என்றார் சாமுவேல். ஏன் இல்லை? காய்ச்சிய ரசம் பானபலிக்குச் செல்லாது என்று மிஷ்னாவின் மெனாகோத் பகுதி முன்பே சொல்லியிருந்தது. பீடத்துக்கு ஆகாதது சிலைக்கும் ஆகாது என்ற வழியில் 12-ஆம் நூற்றாண்டில் சட்ட அறிஞர் மைமோனிதேஸ் இரண்டையும் இணைத்தார். அரிய பொருளுக்கு ஆணை விதிப்பதில்லை என்று வேறு காரணம் சொன்ன உரையாசிரியர்களும் உண்டு. மைமோனிதேஸின் வழி எனக்கு நேரானதாகப் படுகிறது.

இஸ்லாமியரின் திராட்சரசத்தைக் குடிக்கலாகாது, பயன்படுத்தலாம் என்றார் அதே மைமோனிதேஸ். அவர்கள் சிலை வணங்குவோர் அல்லர். திராட்சைத் தோட்டங்கள் நிறைந்த ஷாம்பெயின் பகுதியில், துருவா நகரின் உரையாசிரியர் ராஷி (1040–1105) பெயரால் இதையொத்த தளர்வு கிறிஸ்தவர் விஷயத்திலும் வழங்கியது: இக்காலத்தவர் வார்த்து வழிபடும் வழக்கமுடையவர் அல்லர், ஆதலால் பயனடையலாம். கடனுக்கு ஈடாகத் திராட்சரசம் கைமாறிய நாட்டில் இந்தத் தளர்வின் பொருளியல் எடை சிறிதன்று. குடிப்பதற்கான தடையை மட்டும் இவர்கள் தளர்த்தவில்லை. வார்க்கும் வழக்கம் ஒழிந்தபின், பெண்களின் பொருட்டு என்ற பழைய விளக்கமே அதைத் தாங்கி நின்றது.

இன்று யூத உணவு விதிக்கு உட்பட்ட கோஷர் புட்டிகள் பலவற்றில் ‘மெவுஷால்’, அதாவது காய்ச்சியது, என்ற குறிப்பு இருக்கிறது. ஆலைகள் ரசத்தைச் சுவை கெடாதபடி நொடிகளில் சூடேற்றிக் குளிர்விக்கின்றன. எத்தனை பாகை சூடு போதும் என்பதில் ரபிகளிடையே இன்னும் கருத்து வேறுபாடு உண்டு. திருமண விருந்துகளில் யூதரல்லாத பரிமாறுநர் ஊற்றுவதற்கென்று அந்தப் புட்டிகளையே கேட்டு வாங்குகிறார்கள்.