தலோ கலோ ஆன கதை

நாம் சேப்பங்கிழங்கு என்று வாங்கும் அதே கிழங்குக்கு ஹவாய்த் தீவுகளில் கலோ என்று பெயர். சமோவாவிலும் தோங்காவிலும் அது தலோ, நியூசிலாந்து மாவோரிகளிடம் தரோ, இந்தோனேசியாவில் தலாஸ். கடலோடிகள் செடியோடு பெயரையும் தோணியில் ஏற்றிக்கொண்டு போயிருக்கிறார்கள்.

பொலினீசிய மொழிகளின் 'த' ஹவாயில் 'க' ஆகத் திரிந்தது. திரிபு எல்லா ஊரிலும் ஒன்றுபோல நடந்து முடியுமுன்பே அச்சுக்கூடம் வந்துவிட்டது. அமெரிக்கப் பாதிரிமாருக்கு ஒரே சொல் இங்கே 'த'வாகவும் அங்கே 'க'வாகவும் கேட்டது. 'ல'வா 'ர'வா என்பதிலும் குழப்பம். 1826-இல் வாக்கெடுத்து 'க', 'ல' இரண்டையும் வைத்துக்கொண்டு மற்ற இரண்டையும் நெடுங்கணக்கிலிருந்து நீக்கினார்கள். எழுத்துக்கும் ஓட்டு! நீஹாவு தீவில் 'த' இன்னும் பேச்சில் இருக்கிறது. ஆங்கிலத்துக்குப் போன 'டாரோ'வும், ஹவாய் ஏடு தள்ளிய இரண்டு எழுத்தையும் வைத்துக்கொண்டிருக்கிறது.

எனக்கு இதைவிடச் சுவையாகப் படுவது கலோவின் சுற்றத்துச் சொற்கள். ஓடைநீரை வாய்க்காலில் திருப்பிப் பாய்ச்சும் சேற்று வயல் 'லோயி'. செடியைப் பிடுங்கிக் கிழங்கை அறுத்ததும், தலைப்பகுதியில் ஒரு சீவலோடு தண்டை விட்டு மறுபடி சேற்றில் ஊன்றுகிறார்கள். அதற்கு 'ஹூலி' என்று பெயர். விதை தேவையில்லை, போன தலைமுறையே அடுத்த தலைமுறை. நடுக்கிழங்கு 'மகுவா'; பெற்றோருக்கும் அதே சொல்தான். அதை ஒட்டி முளைக்கும் பக்கக் கிழங்குகள் 'ஓஹா'. குடும்பத்தைக் குறிக்கும் 'ஓஹானா' இதிலிருந்தே பிறந்தது என்பது ஹவாய்ப் பண்பாட்டு அறிஞர்கள் மேரி கவேனா பூக்குயியும் ஹாண்டியும் தந்த விளக்கம்.

உறவு பேச்சளவில் நிற்கவில்லை. ஹவாய்ப் புராணத்தில், வாகேயாவுக்கும் ஹோஓஹோகூகலானிக்கும் இறந்து பிறந்த முதற்பிள்ளையைப் புதைத்த இடத்தில் கலோ முளைத்தது. அடுத்துப் பிறந்த ஹாலோவாவே மனித குலத்தின் முன்னோன். ஆகவே கலோ அண்ணன். அதை இடித்துப் பிசைந்த 'போயி' கலம் திறந்திருக்கையில் வீட்டில் சண்டை போடக் கூடாது.

ஹவாய்ப் பல்கலைக்கழகம் 2002-இல் மூன்று கலோ ரகங்களுக்குக் காப்புரிமை பெற்றபோது விவசாயிகள் எழுப்பிய எதிர்ப்பிலும் இந்த உறவுமுறைதான் பேசியது: மூத்தவனுக்கு யார் சொந்தக்காரர் ஆவது? 2006-இல் பல்கலைக்கழகம் அந்த உரிமைகளைக் கைவிட்டது.