பேரூராட்சி கிராமமான கதை

தலையை எண்ணி, கல்லாவையும் எண்ணித்தான் ஓர் ஊருக்குப் பட்டம் கொடுத்தார்கள். 1958-ஆம் ஆண்டுப் பஞ்சாயத்துச் சட்டத்தின்படி 5,000 மக்கள்தொகையும் ஆண்டுக்கு 10,000 ரூபாய் வருமானமும் இருந்தால் டவுன் பஞ்சாயத்து, அதாவது பேரூராட்சி. 1981-ல் பேரூராட்சிகளுக்கென்று தனி இயக்ககம் வந்தது. அதன் பிறகுதான் நான் பில் கலெக்டராக வேலைக்குச் சேர்ந்தேன்.

பேரூராட்சிக்குள்ளேயும் படிகள் உண்டு: இரண்டாம் நிலை, முதல் நிலை, தேர்வு நிலை, சிறப்பு நிலை. எல்லாம் வருமானத்தைப் பார்த்துத்தான். சொத்து வரி வசூலை விடச் சந்தைக் குத்தகையைத்தான் எங்கள் ஆபீசில் அதிகம் நம்பியிருந்தோம். ஏலத்தில் இரண்டு பேர் வீம்புக்கு ஏற்றிக் கேட்ட வருடம் கணக்கர் முகத்தில் தனிக் களை இருக்கும்.

2004-ல் ஒரே அரசாணையில் 561 பேரூராட்சிகள் 'சிறப்பு கிராம ஊராட்சி' ஆயின. காரணம் ஒளிவுமறைவில்லாதது. ஊரக வளர்ச்சிக்கென்று மத்திய அரசு ஒதுக்கும் பணம் கிராமம் என்ற பெயருக்குத்தான் வரும். ஊர் அப்படியே இருந்தது. பெயர்ப் பலகையும் ரப்பர் ஸ்டாம்பும் மாறின. வரி கேட்கப் போனால், "கிராமம்னு ஆக்கிட்டீங்க, அப்புறம் எதுக்கு சார் டவுன் வரி?" என்பார்கள். கேள்வி நியாயம்தான். ஆனாலும் ரசீதைக் கிழித்து நீட்டுவோம்.

2005 டிசம்பரில் மத்திய அரசு சிறு, நடுத்தர நகரங்களுக்கென்றே உள்கட்டமைப்புத் திட்டம் ஒன்றைத் தொடங்கியது. அது நகரம் என்ற பெயருக்கு வரும் பணம். இரண்டே மாதத்தில், 2006 பிப்ரவரியில், நூறு நாள் வேலைத் திட்டம் வந்தது. தமிழ்நாட்டில் முதலில் கடலூர், திண்டுக்கல், சிவகங்கை உள்ளிட்ட ஆறு மாவட்டங்களில் மட்டும். மே மாதம் ஆட்சி மாறியது. ஜூலையில் 561 ஊர்களும் மறுபடி பேரூராட்சி. பெயிண்டருக்கு இரண்டாவது வேலை.

2008-ல் நூறு நாள் வேலை எல்லா மாவட்டங்களுக்கும் வந்தது. கிராமப் பணத்துக்காகத்தான் கிராமம் ஆனோம். கிராமங்களுக்கான ஆகப் பெரிய திட்டம் வந்து சேர்ந்தபோது நாங்கள் கிராமம் இல்லை. எங்கள் எல்லைத் தெருவில் மேற்கு வரிசை வீடுகள் பக்கத்து ஊராட்சி, கிழக்கு வரிசை பேரூராட்சி. மேற்கே இருந்தவர்கள் மண்வெட்டியோடு ஏரி வேலைக்குப் போனார்கள். கிழக்கே இருந்தவர்கள் ஆபீசுக்கு வந்து, "எங்க பேரையும் எழுதிக்குங்க சார்" என்றார்கள். வேலை அட்டை கொடுக்கும் அதிகாரம் எங்களுக்கு இல்லை என்று சொல்லி அனுப்பினேன். அக்கா வீட்டு முகவரியைக் காட்டி எதிர் வரிசையில் அட்டை வாங்கியவர்களும் உண்டு. அந்தக் கதை வேண்டாம்.

நகராட்சியோடும் மாநகராட்சியோடும் இணைக்கப்போகிறோம் என்றதும் ஊராட்சிக்காரர்கள் மனுவோடு கலெக்டர் ஆபீசுக்குப் போனதைச் சமீப வருடங்களில் பத்திரிகைகளில் படித்தேன். ஊர் முன்னேறுவதை எதிர்க்கிறார்களே என்று கூட இருந்த நண்பர் அலுத்துக்கொண்டார். வரி ஏறும், நூறு நாள் வேலை போகும் என்று அவர்கள் போட்ட கணக்கில் எனக்குப் பிழை ஒன்றும் தெரியவில்லை.