முதல் இரட்டையர் பட்டமும் நிறுத்துக் கடிகாரமும்

1881ஆம் ஆண்டு ஆகஸ்ட் இறுதியில், ரோட் ஐலண்ட் மாநிலத்தின் நியூபோர்ட் கேசினோ புல்தரையில் அமெரிக்காவின் முதல் தேசிய டென்னிஸ் போட்டி தொடங்கியது. (பெயரைக் கொண்டு அதைச் சூதாட்ட விடுதி என எண்ண வேண்டாம்; செல்வந்தர்களின் கோடைக்காலக் கழகம் அது.) ஒற்றையர் பட்டம் வென்ற ரிச்சர்ட் சியர்ஸை டென்னிஸ் வரலாறு இன்றும் நினைவில் வைத்திருக்கிறது. இரட்டையர் பட்டம் வென்றவர்கள் ஃபிலடெல்பியாவின் கிளாரன்ஸ் கிளார்க், ஃபிரெட் டெய்லர். இறுதியாட்டத்தில் வான் ரென்சலர், நியூபோல்ட் இணையை 6-5, 6-4, 6-5 என்ற கணக்கில் அவர்கள் வென்றனர்.

அந்த ஃபிரெட் டெய்லர்தான் ஃபிரெடரிக் வின்ஸ்லோ டெய்லர். 'அறிவியல்முறை மேலாண்மை'யின் தந்தை என்று வணிகவியல் மாணவர்கள் மனப்பாடம் செய்யும் அதே டெய்லர். தொழிலாளர் வரலாற்றைப் பயில்வோர் அவரது டென்னிஸை ஒரு சுவையான துணுக்காகக் கூறிவிட்டுக் கடந்துவிடுகிறோம். அவ்வாறு கடந்துவிடக் கூடாது என்பதே என் கருத்து.

1856இல் ஜெர்மன்டவுனில் வசதியான குவேக்கர் குடும்பமொன்றில் பிறந்தவர் டெய்லர். ஹார்வர்ட் நுழைவுத் தேர்வில் சிறப்பாகத் தேறியும், கண்பார்வைக் கோளாற்றைக் காரணமாகக் கொண்டு அங்கே சேராமல் 1874இல் ஒரு பட்டறையில் தொழில் பழகச் சேர்ந்தார். 1878இல் மிட்வேல் எஃகு ஆலைக்குச் சாதாரணத் தொழிலாளியாகச் சென்றார். 'சாதாரண' என்ற சொல்லைச் சற்றுத் தயக்கத்தோடே எழுதுகிறேன். அந்த ஆலையின் உரிமையாளர்களுள் ஒருவர் எட்வர்ட் கிளார்க். அவருடைய மகனே நியூபோர்ட்டில் டெய்லருடன் ஆடிய கிளாரன்ஸ். டெய்லரின் தங்கையை மணந்தவரும் அவரே. சில ஆண்டுகளுக்குள் டெய்லர் மேற்பார்வையாளராகி, பின்னர் தலைமைப் பொறியாளரும் ஆனார்.

பட்டம் வென்ற அதே 1881இல்தான் மிட்வேலில் வேலைகளைத் துண்டு துண்டாகப் பிரித்து, ஒவ்வொரு துண்டுக்கும் ஆகும் நேரத்தை அளக்கும் ஆய்வையும் அவர் தொடங்கினார். விளையாட்டிலும் அவருக்கு இதே நோய்தான். மட்டைக்கு இருக்க வேண்டிய வடிவம் இதுவல்ல என்று முடிவுகட்டி, கரண்டிபோல் வளைந்த ஒரு மட்டையை வடிவமைத்தார். 1900இல் பாரிஸ் ஒலிம்பிக்கில் கோல்ஃப் ஆடி நான்காம் இடம் பெற்றார். அதே ஆண்டு, அதே நகரின் உலகக் கண்காட்சியில், அவரும் மான்செல் வைட்டும் உருவாக்கிய அதிவேக வெட்டுக்கருவி எஃகு பொறியாளர்களை வியக்க வைத்தது.

இனி மையப் பொருளுக்கு வருவோம். 1911இல் வெளியான 'அறிவியல்முறை மேலாண்மையின் கோட்பாடுகள்' நூலின் தொடக்கத்திலேயே விளையாட்டு வருகிறது. பேஸ்பால் ஆடும் அமெரிக்கத் தொழிலாளியும் கிரிக்கெட் ஆடும் ஆங்கிலேயத் தொழிலாளியும் களத்தில் தம் அணியின் வெற்றிக்காக உயிரைக் கொடுத்து ஆடுகிறார்கள்; மறுநாள் ஆலைக்கு வந்ததும் இயன்றவரை குறைவாக உழைக்கவே திட்டமிடுகிறார்கள் என்பது அவரது குற்றச்சாட்டு. இது தேசிய சாம்பியனாக இருந்த ஒருவரின் உண்மையான ஆதங்கம், நடிப்பன்று.

ஆனால் விடையும் அதே நூலில் இருக்கிறது. உற்பத்தி கூடியதும் முதலாளிகள் துண்டுக்கூலியைக் குறைத்துவிடுவார்கள். அதை ஓரிருமுறை பட்டுணர்ந்தவர்கள் மெதுவாகத்தான் உழைப்பார்கள் என்று டெய்லரே ஒப்புக்கொள்கிறார். முதல் செட்டை வென்றவனுக்கு அடுத்த செட்டில் மட்டும் வலையை ஒரு முழம் உயர்த்திக் கட்டும் வழக்கம் நியூபோர்ட்டில் இருந்திருந்தால் டெய்லரும் கிளார்க்கும் எப்படி ஆடியிருப்பார்கள்? இந்தக் கேள்வியை அவர் ஒருபோதும் தம்மிடம் கேட்டுக்கொண்டதாகத் தெரியவில்லை.

பெத்லஹேம் எஃகு ஆலையின் புகழ்பெற்ற வார்ப்பிரும்புச் சோதனையை இந்தக் கோணத்தில் பார்க்கலாம். ஒவ்வொன்றும் 92 பவுண்டு எடையுள்ள பாளங்கள். நாளொன்றுக்குச் சராசரி பன்னிரண்டரை டன் ஏற்றிவந்த ஒருவனை அறிவியலின் துணையோடு 47 டன் ஏற்ற வைத்ததாகவும், கூலியை 1.15 டாலரிலிருந்து 1.85 டாலராக உயர்த்தியதாகவும் டெய்லர் எழுதினார். நூலில் அவனுக்கு 'ஷ்மிட்' என்று பெயர். உண்மைப் பெயர் ஹென்றி நோல். இவ்வேலைக்குரியவன் எருதை ஒத்த மந்தபுத்தியுள்ளவனாக இருக்க வேண்டும் என்றும் எழுதினார்.

1974இல் ரெகி, பெரோனி ஆகிய இரு ஆய்வாளர்கள் மூல அறிக்கைகளைத் தோண்டியெடுத்தனர். வலிமைமிக்க பத்துத் தொழிலாளர்களைத் தெரிந்தெடுத்து, முழு வேகத்தில் ஒரு வண்டியை நிரப்பச் சொல்லியிருக்கிறார்கள். பதினான்கு நிமிடத்தில் பதினாறரை டன். அதைப் பத்து மணி நேரத்துக்கு விரித்தால் ஆளுக்கு 71 டன். அதை 75 என்று வைத்துக்கொண்டு, ஓய்வுக்காக 40 விழுக்காடு கழித்து 45 டன் என்று அளவு நிர்ணயித்தார்கள். அந்த 40 எங்கிருந்து வந்தது? எந்தச் சோதனையிலிருந்தும் இல்லை. பதினான்கு நிமிட ஓட்டப்பந்தயம் ஒரு நாள் வேலையின் அளவுகோலாகிவிட்டது. அந்தக் கணக்கின்படி உழைக்க மறுத்த அப்பத்துப் பேரும் வேலையிழந்தனர்.

டெய்லரின் மனத்தை உளப்பகுப்பாய்வு நோக்கில் ஆராய்ந்து 1970இல் நூல் எழுதியவர் நம் நாட்டின் சுதீர் கக்கர். 1997இல் விரிவான வாழ்க்கை வரலாறு எழுதியவர் ராபர்ட் கனிகல். தமிழர்களுக்கு அவர் கணிதமேதை ராமானுஜனின் வாழ்க்கையை எழுதியவராகவே அறிமுகம். இவ்விரு நூல்களையும் அடுத்தடுத்துப் படிக்குமாறு நண்பர்களுக்குப் பரிந்துரைக்கிறேன்.

1911 ஆகஸ்டில் மாசசூசெட்ஸின் வாட்டர்டவுன் படைக்கலச் சாலையில் வார்ப்படத் தொழிலாளி ஒருவர் நிறுத்துக் கடிகாரத்தின் முன் வேலை செய்ய மறுத்தார். அவரை நீக்கியதும் சக தொழிலாளர்கள் வெளியேறினர். நாடாளுமன்றக் குழு விசாரணை நடத்தியது. டெய்லர் பல நாட்கள் சாட்சியம் அளித்தார். 1915 மார்ச் 21 அன்று, தமது 59ஆம் பிறந்தநாளுக்கு மறுநாள், அவர் காலமானார். அரசுப் படைக்கலச் சாலைகளில் தொழிலாளரை நிறுத்துக் கடிகாரத்தால் அளக்கக் கூடாதென்று அமெரிக்க நாடாளுமன்றம் நிதி ஒதுக்கீட்டுச் சட்டத்தில் நிபந்தனை சேர்த்ததும் அதே ஆண்டில்தான்.