ஈரடிப் பாவும் நின்றுபோன ஓய்வூதியமும்

ஓய்வூதியம் அரசின் கொடையா, பெறுவோரின் உரிமையா என்னும் வினா, நீதிமன்றங்களில் விரிவாக ஆராயப்படுவதற்கு நெடுங்காலம் முன்பே தில்லியில் ஒரு கவிஞரின் வாழ்வில் எழுந்தது. உருது, பாரசீகம் ஆகிய இரு மொழிகளிலும் பெரும்புலமை பெற்ற மிர்சா காலிப் (1797-1869) என்பாரே அவர்.

காலிப் பெற்றுவந்தது தம் பணிக்குரிய ஊதியமன்று. அவருடைய சிறிய தந்தை நஸ்ருல்லா பேக் கான் கம்பெனியின் தளபதி லேக் பிரபுவின்கீழ்க் குதிரைப்படை நடத்தியவர். 1806இல் அவர் இறந்தபின் குடும்பத்தார்க்கு ஆண்டுத்தொகை ஒன்று வகுக்கப்பட்டது. அதில் காலிப்பின் பங்கு 750 ரூபாய். திங்கள்தோறும் அறுபத்திரண்டரை ரூபாய். குடும்பத்திற்கு முதலில் 10,000 ரூபாய் வகுக்கப்பட்டதென்றும், அதனை 5,000 ஆக்கிய பின்னைய ஆணை போலியென்றும் அவர் வழக்காடினார். அதற்காகவே 1828இல் கல்கத்தா சென்று ஒன்றரை ஆண்டுக்கு மேல் தங்கினார். வழக்குத் தோற்றது, கடன் பெருகியது. எனினும் அந்நகரத்து வாழ்வு அவர்தம் உள்ளத்தை விரிவுபடுத்தியது என்பதை மறுத்தற்கில்லை.

1850இல் முகலாய மன்னர் பகதூர் ஷா, தைமூர் மரபின் வரலாற்றை எழுதும் பணியைத் திங்கள் 50 ரூபாய்க்கு அவரிடம் ஒப்படைத்தார். 1854இல் அரசவைக் கவிஞர் ஜௌக் மறைந்தபின், மன்னரின் பாக்களைத் திருத்தும் ஆசானும் காலிப்பே ஆனார். இவ்வாறு ஒருபுறம் கம்பெனிப் பணமும் மறுபுறம் அரண்மனைப் பணமும் வந்துகொண்டிருந்த நிலையிலேதான் 1857 மே 11இல் கிளர்ச்சிப் படை தில்லிக்குள் புகுந்தது. அரண்மனைப் பணம் மன்னரின் வீழ்ச்சியோடு முடிந்தது. கம்பெனிப் பணமோ வேறொரு காரணத்தால் நின்றது.

புதிய நாணயம் அடிக்கும்போது மன்னரின் பெயர் அமைந்த பாரசீக ஈரடிப் பாவை அதிற் பொறிப்பது முகலாயர் வழக்கம். கிளர்ச்சி நாட்களில் அத்தகைய பா ஒன்றைக் காலிப் இயற்றி மன்னர்க்கு அளித்தார் என ஆங்கிலேயரின் ஒற்றன் ஒருவன் எழுதியனுப்பினான். அவ்வறிக்கையே குற்றச்சாட்டாயிற்று. முறையான விசாரணையில்லை, மறுமொழி கூற வாய்ப்பில்லை. அரண்மனைத் தொடர்பை அவர் மறைத்திருக்க இயலாது என்பது உண்மையே. ஆனால் அப்பா தமதன்று, 1837இல் மன்னர் முடிசூடிய காலத்தில் ஜௌக் பாடியது என்பது அவர் வாதம். அதனை மெய்ப்பிக்க அவ்வாண்டின் ‘தில்லி உருது அக்பார்’ இதழைத் தேடித் தரும்படி நண்பர்கட்கெல்லாம் மடல் எழுதினார். இதழ் அகப்படவில்லை. அதனை நடத்திய மௌல்வி முகம்மது பாகிரையோ ஆங்கிலேயர் 1857இலேயே கொன்றுவிட்டனர். ஜௌக்கும் உயிரோடில்லை. ஒரு கவிஞர் தாம் ஒரு பாவைப் பாடவில்லை என்பதற்குச் சான்று தேடி அலைந்த காட்சி இலக்கிய வரலாற்றில் அரிது.

வீட்டுத் துணியும் படுக்கையும் விற்று உண்ணும் நிலை வந்தது. கிளர்ச்சிக் கால நிகழ்ச்சிகளைத் ‘தஸ்தம்பு’ என்னும் பாரசீக உரைநடை நூலாக்கி, 1858இல் அச்சிட்டு ஆங்கில அதிகாரிகளுக்கு அனுப்பினார். ஆட்சியாளரின் மனம் குளிர எழுதிய பகுதிகள் அதில் உண்டு. அவற்றைப் படிப்போர் அவரது வெற்றுப் பானையையும் நினைத்தல் வேண்டும். 1859 முதல் ராம்பூர் நவாப் திங்கள்தோறும் 100 ரூபாய் அளித்தார். 1860இல் ஓய்வூதியம் மீண்டது. நிலுவையாக வந்த 2,250 ரூபாயிற் பெரும்பகுதி கடன்காரர்க்கே போயிற்று. தர்பார் மரியாதை மீள 1863 வரை காத்திருக்க நேர்ந்தது.

அவர் இறந்த இரண்டாம் ஆண்டில், 1871இல், ஓய்வூதியச் சட்டம் பிறந்தது. ஓய்வூதியம் பற்றிய வழக்கை உரிமையியல் நீதிமன்றம் ஏற்றலாகாது என்பது அதன் 4ஆம் பிரிவின் பொதுவிதி. கொடை என்னும் கருத்து இவ்வாறு சட்டமாயிற்று. சரியாக நூறாண்டு கழிந்து 1971இல், பீகார்க் கல்வித்துறை அலுவலர் தேவகிநந்தன் பிரசாத் தொடுத்த வழக்கில், ஓய்வூதியம் அரசின் விருப்பத்தைப் பொறுத்த கொடையன்று, அது சொத்துரிமை என உச்சநீதிமன்றம் தீர்ப்பளித்தது. 1982 டிசம்பர் 17இல் வந்த நகாரா வழக்கின் தீர்ப்பு அதனை மேலும் வலியுறுத்தியது.

எனினும் உரிமை நிபந்தனையற்றதன்று. மத்திய அரசின் 1972ஆம் ஆண்டு விதிகளுள் 8ஆம் விதி, ஓய்வுக்குப் பின்னும் நன்னடத்தையை வேண்டிற்று. 9ஆம் விதி, பணிக்காலத்துக் கடுங்குற்றமோ பெருங்கவனக்குறைவோ விசாரணையில் நிறுவப்பட்டால் ஓய்வூதியத்தை நிறுத்தும் அதிகாரத்தைக் குடியரசுத் தலைவர்க்கு அளித்தது. ஓய்வுக்குப்பின் தொடங்கும் துறை விசாரணை, நான்காண்டுக்கு முற்பட்ட நிகழ்ச்சியைத் தொடலாகாது. காலிப்புக்குக் கிட்டாத விசாரணை இங்கே கட்டாயமாயிற்று. விதியின் துணையின்றி வெறும் நிருவாக ஆணையால் ஓய்வூதியத்தை நிறுத்தவியலாது என 2013இல் ஜார்க்கண்ட் அரசின் வழக்கிலும் உச்சநீதிமன்றம் கூறிற்று.

எழுத்துக்கும் ஓய்வூதியத்துக்கும் உள்ள தொடர்போ அற்றுவிடவில்லை. 2021 மே 31இல் 8ஆம் விதி திருத்தப்பட்டது. உளவு, பாதுகாப்பு அமைப்புகளில் பணியாற்றி ஓய்வு பெற்றோர் அவ்வமைப்பின் பணிக்களம் பற்றி முன் அனுமதியின்றி நூலோ கட்டுரையோ வெளியிடலாகாது என்றும், மீறினால் ஓய்வூதியம் நிறுத்தப்படலாம் என்பதை ஏற்று உறுதிமொழி தருதல் வேண்டும் என்றும் அத்திருத்தம் விதித்தது. அவ்வெழுத்து ஊறு பயப்பதா அன்றா என முடிவு செய்பவர் அவ்வமைப்பின் தலைவரே.