ஒரே படம், ஒரு லாரி, அப்புறம் மௌனம்... பி.கே.ரோசியைத் தெரியுமா?

போடிநாயக்கனூர்க்காரர்களுக்கு விடியற்காலை ஜீப் சத்தம் புதுசில்லை. தூக்குவாளியில் சோற்றோடு ஏலத்தோட்ட வேலைக்குக் கிளம்பும் பெண்கள், போடிமெட்டு வளைவுகளில் ஏறி, கேரளாவுக்குள் போய், சாயங்காலம் திரும்பி வருவார்கள். கூலிக்காக எல்லை தாண்டுவது இந்த மலைச்சரிவில் தினப்படி சங்கதி.

சினிமாவில் நடித்த ஒரே காரணத்துக்காக ஒரு கூலிப்பெண் ஊரைவிட்டே ஓட வேண்டி வந்த கதை தெரியுமா? அவரும் மதியச் சாப்பாட்டைக் கையில் எடுத்துக்கொண்டுதான் ஷூட்டிங்குக்கு வருவாராம். பெயர், பி.கே.ரோசி. மலையாள சினிமாவின் முதல் கதாநாயகி.

யார் இவர்?

1903-ல் திருவனந்தபுரம் நந்தன்கோட்டில், புலையர் சமூகத்தில் பிறந்தவர். புல் அறுத்துப் பிழைத்த குடும்பம். பெண்கள் மேடையேறினால் ஊரே ஏசிய காலத்தில் 'காக்காரிசி' நாடகம் ஆடியவர். சிவனும் பார்வதியும் குறவன், குறத்தியாக வரும் கூத்து அது. வசனத்தில் தமிழும் மலையாளமும் கலந்தே இருக்கும்.

படம் கிடைத்தது எப்படி?

கன்னியாகுமரி பக்கம் அகஸ்தீஸ்வரத்தைச் சேர்ந்த ஜே.சி.டேனியல், சொத்தை விற்று எடுத்த ஊமைப்படம் 'விகதகுமாரன்'. தயாரிப்பு, இயக்கம், கேமரா, கதாநாயகன் எல்லாம் அவரேதான். பம்பாயிலிருந்து வரவழைத்த நடிகை ஒத்துவராமல் போக, ரோசியைத் தேடி வந்தது வாய்ப்பு. நாளுக்கு 5 ரூபாய் சம்பளம், பத்து நாள் வேலை என்று சொல்லப்படுகிறது.

அவருக்குக் கொடுத்த வேடம், சரோஜினி என்ற நாயர் பெண். பிரச்னையே அங்கேதான் ஆரம்பித்தது.

திரையில் கல் விழுந்த நாள்

படம் திருவனந்தபுரம் கேபிட்டல் தியேட்டரில் வெளியானது. 1928 என்று ஒரு கணக்கு, 1930 என்று இன்னொரு கணக்கு. தன் படத்தைப் பார்க்க ரோசியையே உள்ளே விடவில்லை. அவர் வந்தால் நாங்கள் வரமாட்டோம் என்று பெரிய மனிதர்கள் சொல்லிவிட்டார்களாம்.

யோசித்துப் பாருங்கள். ஊமைப்படத்தில் குரல் கிடையாது. முகமும் உடுப்பும்தான் ஆளைச் சொல்லும். நாயர் பெண்ணின் உடுப்பில் வந்தவர் திரையில் நாயர் பெண்ணாகவே தெரிந்தார். அதைத்தான் கூட்டத்தால் தாங்க முடியவில்லை. அவர் தலையில் இருந்த பூவை நாயகன் முத்தமிடும் காட்சி வந்ததும் கூச்சல் கிளம்பியது. திரையில் கல் விழுந்தது. பிறகு ரோசியின் குடிசைக்கும் தீ வைத்தார்கள்.

லாரியில் ஏறினார்

உயிர் தப்ப ஒரு லாரியில் ஏறி நாகர்கோவில் போனார் ரோசி. லாரி ஓட்டுநர் கேசவ பிள்ளையையே கல்யாணம் செய்து, 'ராஜம்மாள்' ஆக வாழ்ந்தார். கேசவ பிள்ளை நாயர் சமூகத்துக்காரர் என்பதுதான் விசித்திரம்!

அப்போது நாகர்கோவிலும் திருவிதாங்கூர் சமஸ்தானம்தான். 1956 நவம்பர் 1-ல்தான் கன்னியாகுமரி நம்ம பக்கம் வந்தது. தேவிகுளமும் பீர்மேடும் கேரளாவோடு போயின. ஆக, ரோசி அன்றைக்கு ராஜ்ஜியம் மாறவில்லை. தன் சாதியும் முகமும் யாருக்கும் தெரியாத ஊருக்குப் போனார். அதன்பிறகு நடிக்கவே இல்லை. பழைய கதையைப் பிள்ளைகளிடம்கூட அவ்வளவாகப் பேசியதில்லை என்கிறார்கள்.

அதே காலத்தில் இன்னொருவர்

நம்ம திருவையாறு டி.பி.ராஜலட்சுமியும் ஊமைப்படத்தில் தொடங்கியவர்தான். 1931-ல் 'காளிதாஸ்' படத்தில் பேசினார், பாடினார். 1936-ல் 'மிஸ் கமலா'வை எழுதி, இயக்கவும் செய்தார். ரோசிக்கு இரண்டாவது படமே அமையவில்லை.

டேனியலும் தப்பவில்லை. கடனில் மூழ்கி, பல் மருத்துவராகக் காலம் தள்ளி, 1975-ல் இறந்தார். அவர் தமிழ்நாட்டுக்காரர் என்று சொல்லி கேரள அரசு உதவித்தொகை மறுக்கப்பட்டது. இன்று கேரளத்தின் பெரிய சினிமா விருது அவர் பெயரில்தான் தரப்படுகிறது.

தாமதமாக வந்த மரியாதை

'விகதகுமாரன்' படச்சுருள் இப்போது இல்லை. ரோசி நடித்த ஒரு காட்சியைக்கூட நம்மால் பார்க்க முடியாது. 2013-ல் கமல் இயக்கிய மலையாளப் படம் 'செல்லுலாய்ட்' டேனியலோடு சேர்த்து ரோசியின் கதையையும் சொன்னது. 2019-ல் கேரளத்தின் சினிமா பெண்கள் கூட்டமைப்பு தன் திரைப்படச் சங்கத்துக்கு ரோசியின் பெயரை வைத்தது. 2023 பிப்ரவரி 10 அன்று கூகுள் முகப்பில் அவர் ஓவியம் வந்தது. பலருக்கு அன்றைக்குத்தான் அந்தப் பெயரே தெரியும்.

தேனி, போடி பக்கம் இன்றைக்கும் ஷூட்டிங் நடக்கிறது. கூட்டத்தில் ஒருத்தராக நிற்க உள்ளூர்ப் பெண்களையும் கூப்பிடுகிறார்கள். அடுத்த முறை அப்படி ஒரு ஷூட்டிங்கை வேடிக்கை பார்த்தால், ஓரமாகத் தூக்குவாளியோடு காத்திருக்கும் அக்காவையும் ஒரு நிமிடம் கவனியுங்கள். மலையாள சினிமாவின் முதல் நாயகியும் அப்படித்தான் வந்து நின்றார்.