நவாபும் சகோதரர்களும்

குஜிலியம்பாறைப் பக்கத்தில் 'லாட்ஜ்' என்றால் ஒரே அர்த்தந்தான். திண்டுக்கல்லுக்கோ கரூருக்கோ காரியமாகப் போனவர் கடைசி பஸ்ஸைத் தவறவிட்டால் அறை எடுத்துப் படுக்கும் இடம். 'இன்னார் லாட்ஜில் சேர்ந்திருக்கிறார்' என்று சொன்னால், 'பாவம், வீட்டில் என்ன மனஸ்தாபமோ?' என்று கேட்பார்கள். நான் சொல்லப் போகும் லாட்ஜ் வேறு. 'பிரீமேசன்' என்னும் சகோதர சங்கத்தார் கூடும் சபைக்கு அந்தப் பெயர்.

மேசன் என்றால் கொத்தனார். ஆனால் இந்தச் சங்கத்தை வளர்த்தவர்கள் கொல்லூறைத் தொட்டறியாத பிரபுக்களும் வர்த்தகர்களும் படைத் தலைவர்களுந்தான். 1717-ஆம் வருஷம் ஜூன் 24-ந் தேதி லண்டனில் நான்கு லாட்ஜுகள் சேர்ந்து பெரிய லாட்ஜை ஸ்தாபித்தன. நம் ஊர்க் கட்டட வேலையில் சித்தாள், கொத்தனார், மேஸ்திரி என்று இருப்பதுபோல இவர்களிடமும் மூன்று படிகள்: பயிலாள், சக தொழிலாளி, மாஸ்டர் மேசன். லாட்ஜின் தலைவருக்கு அடையாளம் மூலைமட்டம். அவருக்கு அடுத்த வார்டன்கள் இருவரில் மூத்தவருக்கு ரசமட்டம், இளையவருக்குத் தூக்குக்குண்டு. எல்லாரும் இடுப்பில் ஏப்ரன் கட்டியிருப்பார்கள். வாசலுக்கு வெளியே உருவிய வாளுடன் ஒருவர் காவல் நிற்பார். அவருக்கு 'டைலர்' என்று பெயர். துணி தைக்கிறவர் அல்ல!

நினைத்தவுடன் சேர்ந்துவிட முடியாது. அங்கத்தினர்கள் ஒரு பெட்டியில் குண்டு போடுவார்கள். வெள்ளைக் குண்டு சம்மதம், கறுப்புக் குண்டு மறுப்பு. பெண்களுக்கு இடமில்லை. கடவுள் நம்பிக்கை வேண்டும். ஆனால் உள்ளே மதச் சண்டையும் அரசியலும் பேசக்கூடாது. கூடுகிற அனைவரும் ஒருவருக்கொருவர் சகோதரர்.

இந்த வழக்கம் கம்பெனியாரோடு கப்பலேறி 1730-ல் கல்கத்தாவுக்கும் 1752-ல் சென்னைக்கும் வந்தது. பூட்டிய அறைக்குள் என்ன நடக்கிறதென்று தெரியாத வடநாட்டு ஜனங்கள் அந்தக் கட்டடங்களுக்கு 'ஜாதூ கர்', அதாவது மந்திர வீடு, என்று பெயர் வைத்தார்கள்.

அந்த மந்திர வீட்டுக்குள் நம் தமிழ்நாட்டில் நுழைந்த ஒரு மனிதரைப் பற்றி நினைக்கும்போதெல்லாம் நாவல் எழுதும் என் மனம் அங்கேயே தங்கிவிடுகிறது. அவர் ஆற்காட்டு நவாப் முகம்மதலியின் மூத்த குமாரர் உம்தத்-உல்-உமரா. 1770-களின் நடுவில், நம் ஊருக்குக் கிழக்கே இருக்கும் திருச்சிராப்பள்ளியில் அவருக்கு லாட்ஜ் பிரவேசம் நடந்தது. லண்டன் பெரிய லாட்ஜுக்கு ஒரே மகிழ்ச்சி. அலங்காரமான ஏப்ரன் ஒன்றையும் சங்கத்தின் சட்டதிட்டப் புத்தகத்தையும் அவருக்கு அனுப்பி வைத்தார்கள். அவர் பாரசீகத்தில் அழகாக நன்றி எழுதினார்.

வெளியே நடந்ததோ வேறு கதை. தகப்பனார் கம்பெனி உத்தியோகஸ்தர்களிடம் வாங்கிய கடன் மலைபோல் வளர்ந்தது. 1785-ல் எட்மண்டு பர்க் பார்லிமெண்டிலேயே அந்தக் கடன்களின் அக்கிரமத்தைப் பற்றிப் பிரசங்கம் செய்தார். 1795-ல் உமரா நவாபானார். 1799-ல் ஸ்ரீரங்கப்பட்டணம் விழுந்தது. திப்புவின் அரண்மனையில் அகப்பட்ட காகிதங்களைக் காட்டி, தகப்பனும் மகனும் திப்புவோடு இரகசியமாகக் கடிதம் எழுதிக்கொண்டார்கள் என்றது கம்பெனி. 1801 ஜூலையில் நவாப் மரணப் படுக்கையில் கிடந்தபோதே சேப்பாக்கம் அரண்மனையில் சிப்பாய்கள் காவல் நின்றார்கள். 15-ந் தேதி அவர் கண்ணை மூடினார். கம்பெனியின் நிபந்தனைகளுக்கு அவருடைய மகன் இணங்கவில்லை. உடனே வேறொரு உறவினரை நவாபாக்கி, வருமானத்தில் ஐந்தில் ஒரு பங்கை மட்டும் அவருக்கு விட்டு, ராஜ்யத்தைக் கம்பெனி எடுத்துக்கொண்டது.

இப்படிச் செய்த கவர்னர் ஜெனரல் யார்? வெல்லெஸ்லி பிரபு. அவரும் சாமானியச் சகோதரர் அல்ல. 1782-ல் அயர்லாந்துப் பெரிய லாட்ஜுக்கே கிராண்ட் மாஸ்டராக இருந்தவர்! லாட்ஜுக்குள் அரசியல் பேசக்கூடாது என்ற விதியை அவர் மீறவில்லை. வெளியிலேயே அதை முடித்துவிட்டார்.

அதே 1801 ஜூனில், உமரா பிரவேசம் பெற்ற அதே திருச்சியில், கோட்டை நவாப் அரண்மனை வாசலில் மருது சகோதரர்களின் அறிக்கை ஒன்று ஒட்டப்பட்டது. வெள்ளைக்காரனை நண்பன் என்று நம்பி நவாப் நாட்டை இழந்ததை அது இடித்துக் காட்டிற்று. மருதுவோடு கைகோத்திருந்தவர் நம் திண்டுக்கல் சீமையின் விருப்பாச்சி கோபால நாயக்கர். அவர்களுக்குள் ஏப்ரன் இல்லை, படிகள் இல்லை, வாசலில் டைலரும் இல்லை. அவ்வருஷம் முடிவதற்குள் கோபால நாயக்கரும் மருது சகோதரர்களும் தூக்குமேடை ஏறினார்கள்.

லாட்ஜின் கதவு அதன் பிறகும் எளிதில் திறக்கவில்லை. கல்கத்தா வர்த்தகர் பிரசன்ன குமார தத்தர், 'இந்துக்களுக்குத் தெய்வம் பல ஆயிற்றே' என்பது போன்ற ஆட்சேபங்களால் பல வருஷம் வாசலில் காத்திருந்து, 1872-ல்தான் உள்ளே போனார். பன்னிரண்டு வருஷம் கழித்து அதே 'ஆங்கர் அண்டு ஹோப்' லாட்ஜில் நரேந்திரநாத தத்தர் என்ற வாலிபர் சேர்ந்தார். உலகம் அவரை விவேகானந்தர் என்று அறியும். 1961 நவம்பரில் இந்தியாவுக்கென்றே தனிப் பெரிய லாட்ஜ் ஏற்பட்டது. இன்றும் சென்னை எழும்பூரில் அவர்களுடைய மண்டபம் இருக்கிறது. தர்ம காரியங்களும் செய்கிறார்கள்.

சங்கத்தை நான் குறை சொல்லவில்லை. சகோதரர் என்று அழைத்தவர்களில் மனதார அழைத்தவர்களும் இருந்திருப்பார்கள். ஆனால் அந்த உறவு கதவுக்கு உள்ளே மட்டும் செல்லுபடியாயிற்று. கதவைத் தாண்டி வெளியே வந்ததும் ஒருவர் கடன் கொடுத்தவர், மற்றவர் கடன்பட்டவர். ஒருவர் கம்பெனி, மற்றவர் நவாப். நம் ஊரில் சங்கம் வைத்து, பலகை மாட்டி, 'அண்ணே', 'தம்பி' என்று அழைத்துக்கொள்கிறோமே, அந்த அழைப்பு வாசற்படியைத் தாண்டி எத்தனை அடி தூரம் கூட வருகிறது என்று பார்த்துக்கொள்வது நல்லது.