பொறியியல் பேராசிரியர், துணைவேந்தர், தமிழறிஞர்: வா. செ. குழந்தைசாமி



கெமாஸ் ரயில் நிலையத்தைப் பார்க்காதவர்கள்கூட அதன் பெயரைக் கேள்விப்பட்டிருப்பீர்கள். கிழக்குக் கரைக்குப் போகும் தண்டவாளம் இங்கேதான் பிரிகிறது. எங்கள் வட்டாரத்துத் தோட்டப் பிள்ளைகள் படிவம் 4க்கு வந்ததும் அவர்களுக்கும் இப்படி ஒரு பிரிவு வருகிறது. ஒரு பக்கம் அறிவியல், இன்னொரு பக்கம் தமிழ். ரெண்டுல ஒண்ணுதான் என்று யாரோ சொல்லி வைத்திருக்கிறார்கள்.

இந்த ஆண்டும் ஒரு மாணவி வந்தாள். "டீச்சர், நான் இன்ஜினியரிங் படிக்கப் போறேன். எஸ்.பி.எம்.ல தமிழ் எடுக்க வேணாம்னு அப்பா சொல்றாரு" என்றாள். அப்பா செம்பனைத் தோட்டத்தில் வேலை செய்கிறார். மகள்மீது உள்ள அக்கறையில்தான் சொல்கிறார், அவரைக் குறை சொல்ல எனக்கு மனம் வரவில்லை. "தமிழ் நம்ம தாய்மொழிம்மா" என்று மட்டும் சொன்னேன். அது அவள் கேட்ட கேள்விக்குப் பதிலாகாது என்று எனக்கே தெரிந்தது. சரியான பதிலாக ஒரு மனிதரின் வாழ்க்கையைச் சொல்லலாம் என்று பிறகு தோன்றியது. அதைத்தான் இங்கே எழுதுகிறேன்.

கிராமத்திலிருந்து இல்லினாய்ஸ் வரை

வா. செ. குழந்தைசாமி 1929ஆம் ஆண்டு ஜூலை 14ஆம் தேதி, தமிழ்நாட்டில் கரூருக்கு அருகே வாங்கலாம்பாளையம் என்ற சிற்றூரில் பிறந்தார். பெயருக்கு முன்னால் நிற்கும் "வா" அந்த ஊரின் முதலெழுத்துதான். பொறியியல் படித்து, கரக்பூர் இந்தியத் தொழில்நுட்பக் கழகத்தில் முதுநிலைப் பட்டம் பெற்றார். பிறகு அமெரிக்காவின் இல்லினாய்ஸ் பல்கலைக்கழகத்தில் நீர்வளத் துறையில் முனைவர் பட்டம் பெற்றார்.

அவர் ஆராய்ந்த பொருள் நமக்கு அந்நியமானது அல்ல. மலைமேல் கொட்டுகிற மழையில் எவ்வளவு நீர், எத்தனை மணி நேரத்தில் ஆற்றுக்கு வந்து சேரும்? வெள்ளம் பார்த்த ஊர்க்காரர்கள் எல்லாரும் கேட்கிற கேள்விதான்.

1932இல் ஷெர்மன் என்ற அமெரிக்கப் பொறியாளர் இதற்கு ஓர் எளிய கணக்கு சொன்னார். ஓர் அளவு மழைக்கு ஆறு எப்படி ஓடுகிறது என்று தெரிந்தால், இரண்டு மடங்கு மழைக்கு இரண்டு மடங்கு நீர் என்று வைத்துக்கொள்ளலாம். ஆனால் நிலம் எப்போதும் அப்படி நடந்துகொள்வதில்லை. பள்ளங்களும் ஓடைகளும் நீரைப் பிடித்து வைத்து மெல்ல விடும். நீர் ஆழமாகப் பெருகினால் வேகமும் மாறும். இப்படித் தேங்கும் அளவுக்கும், வருகிற நீர், போகிற நீர், அவை மாறுகிற வேகம் ஆகியவற்றுக்கும் உள்ள தொடர்பை ஒரே பொதுச் சமன்பாட்டில் குழந்தைசாமி கொண்டுவந்தார். முன்பிருந்த பல முறைகள் அதற்குள் தனித்தனி வகைகளாக அடங்கின. புகழ்பெற்ற நீரியல் அறிஞர் வென் டே சௌவுடன் சேர்ந்து அவர் எழுதிய ஆய்வுக் கட்டுரை 1971இல் வெளிவந்தது. நீரியல் நூல்களில் "குழந்தைசாமி மாதிரி" என்று அவர் பெயராலேயே இது குறிப்பிடப்படுகிறது.

மூன்று பல்கலைக்கழகங்கள்

இங்கே மாணவர்களுக்கு ஒரு விளக்கம். அமெரிக்காவில் பல்கலைக்கழகத்தை நடத்துபவரைத் தலைவர் என்பார்கள். தமிழ்நாட்டு அரசுப் பல்கலைக்கழகங்களில் வேந்தர் பதவி ஆளுநருக்கு. அன்றாடம் பொறுப்பேற்று நடத்துபவர் துணைவேந்தர். "துணை" என்ற சொல்லைப் பார்த்துச் சின்னப் பதவி என்று நினைத்துவிடாதீர்கள்.

கிண்டிப் பொறியியல் கல்லூரியில் பேராசிரியராக இருந்த குழந்தைசாமி, 1978இல் மதுரை காமராசர் பல்கலைக்கழகத்தின் துணைவேந்தரானார். 1981 முதல் 1990 வரை அண்ணா பல்கலைக்கழகத்தின் துணைவேந்தர். அது 1978இல்தான் தொடங்கப்பட்டிருந்தது. கிண்டிக் கல்லூரியின் வேர் 1794இல் தொடங்கிய நில அளவைப் பள்ளி வரை போகிறது. அக்கல்லூரியோடு குரோம்பேட்டைத் தொழில்நுட்பக் கல்லூரி, அழகப்பா தொழில்நுட்பக் கல்லூரி, கட்டடக்கலைப் பள்ளி ஆகிய மூன்றும் சேர்ந்ததே அண்ணா பல்கலைக்கழகம். தனித்தனி வரலாறும் பழக்கமும் உள்ள நான்கு நிறுவனங்களை ஒரே நிறுவனமாக வளர்த்தெடுப்பது எளிய வேலையா? பள்ளிகள் இணைக்கப்படுவதைப் பார்த்த ஆசிரியர்களுக்கு இது புரியும்.

1990 முதல் 1994 வரை டில்லியில் இந்திரா காந்தி தேசியத் திறந்தநிலைப் பல்கலைக்கழகத்தின் துணைவேந்தராக இருந்தார். வகுப்பறைக்கு வர முடியாதவர்களுக்கு அச்சிட்ட பாடம், வானொலி, தொலைக்காட்சி, படிப்பு மையம் என்று கல்வியைக் கொண்டுபோகிற நிறுவனம் அது. வேலை பார்த்துக்கொண்டே டிப்ளோமா முடித்தவள் நான். அந்த வழி எத்தனை பேருக்கு முக்கியம் என்று சொல்லித் தெரிய வேண்டியதில்லை.

தமிழ் எங்கே வந்தது?

இவ்வளவுக்கும் நடுவில் அவர் "குலோத்துங்கன்" என்ற புனைபெயரில் கவிதை எழுதிக்கொண்டிருந்தார். திருக்குறளைப் பற்றிய "வாழும் வள்ளுவம்" நூலுக்கு 1988இல் சாகித்திய அகாதமி விருது கிடைத்தது. அப்போது அவர் அண்ணா பல்கலைக்கழகத் துணைவேந்தர்!

எழுத்துச் சீரமைப்பிலும் அவர் உறுதியாகப் பேசினார். லை, னை, றா போன்ற வடிவங்களைத் தமிழ்நாட்டு அரசு 1978இல் ஏற்றது. நம் பாடநூல்களிலும் இன்று அவைதான். குழந்தைசாமி இன்னும் ஒரு படி மேலே போனார். இ, ஈ, உ, ஊ வரிசைகளில் மட்டும் 72 எழுத்துகள் இருக்கின்றன. கு, சு, து, மு என்று ஒவ்வொன்றும் ஒவ்வொரு விதமாக வளைவதால் பிள்ளைகளுக்குச் சுமை. தனிக் குறிகள் வைத்தால் 247 எழுத்துகளையும் 39 குறியீடுகளால் எழுதிவிடலாம் என்றார்.

இது ஏற்கப்படவில்லை. பழைய நூல்களை அடுத்த தலைமுறை படிக்க முடியாமல் போகும், கணினி வந்தபின் தேவையும் குறைந்துவிட்டது என்பது எதிர்ப்பாளர்களின் வாதம். எனக்கும் அந்த வாதமே சரியாகப் படுகிறது. ஆனாலும் ஒன்றாம் ஆண்டுப் பிள்ளை "ஞூ" எழுதத் திணறும்போது அவர் கேள்வி நினைவுக்கு வராமல் இருப்பதில்லை. வகுப்பில் விவாதிக்க நல்ல தலைப்பு இது.

2001இல் தொடங்கிய தமிழ் இணையப் பல்கலைக்கழகத்தின் நிறுவனத் தலைவரும் அவரே. இன்று அது தமிழ் இணையக் கல்விக்கழகம். அதன் மின்னூலகத்தில் நாம் இலக்கியமும் அகராதியும் தேடுகிறோமே, அதன் தொடக்கத்தில் ஒரு நீரியல் பேராசிரியர் இருந்தார் என்பது பலருக்குத் தெரியாது. 2016 டிசம்பர் 10ஆம் தேதி அவர் காலமானார்.

தேர்வுக்கு நினைவில் வைக்க

• 1929: பிறப்பு
• 1978: மதுரை காமராசர் பல்கலைக்கழகத் துணைவேந்தர்
• 1981–1990: அண்ணா பல்கலைக்கழகத் துணைவேந்தர்
• 1988: சாகித்திய அகாதமி விருது
• 1990–1994: திறந்தநிலைப் பல்கலைக்கழகத் துணைவேந்தர்
• 1992: பத்மஸ்ரீ, 2002: பத்மபூஷண்
• 2001: தமிழ் இணையப் பல்கலைக்கழகம்

"அறிவியலும் தாய்மொழியும்", "வாழ்நாள் கல்வி", "நான் போற்றும் அறிஞர்" போன்ற கட்டுரைகளுக்கு இவரை எடுத்துக்காட்டாகச் சொல்லலாம். விருதுகளை மட்டும் அடுக்காதீர்கள். மழைநீர்க் கணக்கையும் எழுத்துச் சீரமைப்பையும் ஒரு வரியாவது விளக்குங்கள், கட்டுரைக்குக் கனம் வரும்.

அந்த மாணவியிடம் இதையெல்லாம் சொன்னேன். உடனே கேட்டாள்: "அவரு வாங்கின பட்டம் எல்லாம் இன்ஜினியரிங்தானே டீச்சர்?" நியாயமான கேள்வி. ஆமாம், தமிழ் அவருக்குப் பட்டம் தரவில்லை. ஆனால் பின்னாளில் திரும்பி வந்து எழுத, கையில் மொழி இருக்க வேண்டும் அல்லவா? பதினைந்து வயதில் விட்டுவிட்டால், முப்பதில் ஆசை வரும்போது எங்கிருந்து தொடங்குவது?

அவள் இன்னும் முடிவு சொல்லவில்லை. அப்பாவிடம் பேசுகிறேன் என்று போயிருக்கிறாள். உங்கள் வகுப்பிலும் இப்படி ஒரு பிள்ளை இருப்பாள். பெயர்ப் பதிவு முடிவதற்கு முன்னால் இந்தக் கதையைச் சொல்லிவிடுங்கள்.